பதினோரு வியாழக்கிழமைகள்

டெரிக் லென்ட்ஸின் அலுவலகத்தில் அந்தச் செவ்வாய்க்கிழமை காலை டீ போட ஆள் இல்லாமல் போய்விட்டது. பத்தொன்பது வருடமாக அங்கே டீ போட்டுக்கொண்டிருந்தவர் அன்றைக்கு டைரக்டராக உட்கார்ந்திருந்தார்.

உட்கார்ந்திருந்த அழகையும் சொல்லியாக வேண்டும். தோளில் ஒரு பிடி அதிகமாக இருந்த கருநீலக் கோட்டு. மேசைமேல் புதுப் பெயர்ப்பலகை: 'திருமதி நொமலிசோ த்யாலி, இயக்குநர்.' அதன் ஓரத்தில் விலைச்சீட்டைச் சுரண்டிய இடத்தில் பாதி போயும் பாதி போகாமலும் பசை. எதிரே கணினி, கடவுச்சொல் கேட்டு ஒரு கட்டம் மின்னிக்கொண்டிருந்தது. கேட்டால் கேட்டுக்கொண்டு இருக்கட்டும் என்பதுபோல அவர் இரண்டு கைகளையும் மடியில் வைத்திருந்தார்.

கண்ணாடிச் சுவருக்கு இந்தப் பக்கம் நின்று இதையெல்லாம் பார்த்தவள் புமேசா. முப்பத்துநான்கு வயது. கறுப்பர் பொருளாதார மேம்பாட்டுச் சட்டப்படி எந்தக் கம்பெனிக்கு எத்தனை மதிப்பெண், எந்த நிலை என்று அளந்து சான்றிதழ் கொடுக்கிற நிறுவனத்தில் ஏழு வருடமாக வேலை. அவள் குடியிருக்கும் ம்டன்ட்சானேயில் இந்த வேலையை யாருக்கும் விளக்கிச் சொல்லி அவள் ஜெயித்ததில்லை. "கறுப்பருங்களை எண்ணுறவ" என்றுதான் பெயர். அன்று காலை வேன் டாக்சியில் ஏறும்போதுகூடக் காசு வாங்குகிற பையன் அக்கா முறை வைத்துக் கேட்டான்: "சிசி, எங்களையும் எண்ணிட்டுப் போ. வண்டிக்குள்ள பதினஞ்சு கறுப்பர். வண்டியோட சொந்தக்காரன் யாருன்னு மட்டும் கேக்காத." வண்டி முழுக்கச் சிரித்தது. புமேசாவும் சிரித்தாள். வேறென்ன செய்வது.

லென்ட்ஸ் இந்தக் கடற்கரை நெடுகக் காவல்கூண்டு வைத்த குடியிருப்புகளாகக் கட்டித்தள்ளியவர். கோனூபியில் இரண்டு, பீக்கன் பேயில் மூன்று. சுவர் உயரமாக இருந்தால் விலையும் உயரமாகும் என்பது அவருடைய கட்டடக்கலை. இப்போது நகராட்சி நிலத்தில் முந்நூறு அறை மாணவர் விடுதி கட்டும் வேலைக்குக் கண் வைத்திருந்தார். அதற்கு நான்காம் நிலைச் சான்றிதழாவது வேண்டும். அதுவும் மாதக் கடைசிக்குள். நான்காம் நிலை வரவேண்டுமென்றால் கம்பெனியில் முப்பது சதவீதப் பங்கு வைத்திருக்கும் கறுப்பர் உண்மையிலேயே பங்குதாரராக இருக்கவேண்டும். அந்த முப்பது சதவீதம்தான் கண்ணாடி அறைக்குள் கை கட்டி உட்கார்ந்திருந்தது.

அலுவலக மேலாளர் கரின் சமையலறையிலிருந்து எட்டிப்பார்த்தாள். கையில் காலிக் கிண்ணம். முகம் சிவந்திருந்தது.

"சர்க்கரை எங்க போச்சுன்னே தெரியல, ஒரு நிமிஷம்..."

"ரெண்டாவது தட்டு," என்றார் கண்ணாடி அறையிலிருந்த டைரக்டர், தலையைத் திருப்பாமலே. "காப்பி வடிகட்டுற காகிதத்துக்குப் பின்னாடி."

கூடத்தில் நின்றிருந்த லென்ட்ஸ் தேவைக்கு மேல் சத்தமாகச் சிரித்தார். "பாத்தீங்களா? எங்க டைரக்டர் கண்ணுல எதுவும் தப்பாது!"

புமேசா குறிப்பேட்டில் எதுவும் எழுதவில்லை. சர்க்கரை இருக்கும் இடம் தெரிவது குற்றம் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை.

பங்குதாரரைத் தனியாகச் சந்தித்துக் கேள்வி கேட்கவேண்டும் என்பது விதி. கூட்ட அறையின் கதவைச் சாத்திவிட்டு புமேசா தங்கள் மொழியில் வணக்கம் சொன்னதுமே, கேள்வி கேட்கும் பொறுப்பு கைமாறிவிட்டது.

"யாரு வீட்டுப் பொண்ணு நீ? குலம் என்ன?"

"மரடேபே, அம்மா. ஏழாம் வட்டாரம்."

"மரடேபேவா! நான் மட்லோமோ. மூணாம் வட்டாரம். உங்கம்மா இருக்காங்களா?"

"போய்ச் சேந்துட்டாங்க. நாலு வருஷம் ஆச்சு."

"ஐயோ புள்ள." அவர் புமேசாவின் கையைப் பிடித்து வைத்துக்கொண்டார். விடவில்லை. எங்கள் பக்கத்தில் பெரியவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிற வழக்கம் கிடையாது, குலப்பெயர்தான். அந்தக் கட்டடத்தில் அவரை எல்லோரும் நொமலிசோ என்றுதான் கூப்பிட்டார்கள். மட்லோமோ என்று அன்றைக்கு அங்கே முதன்முதலாகக் கூப்பிட்டது புமேசாதான் என்பது இரண்டு பேருக்குமே தெரிந்தது.

கேள்விகள் தொடங்கின. பங்கு எத்தனை? முப்பது. எப்போதிலிருந்து? ஒன்பது வருடம். கம்பெனியின் பெரிய முடிவுகளில் உங்கள் பங்கு என்ன?

மட்லோமோ சுவரைப் பார்த்தார். "நீண்டகால நோக்கில் நிலவளத்தைப் பொறுப்போடு மேம்படுத்துவது பற்றிய விவாதங்களில் நான் தீவிரமாகப் பங்கேற்கிறேன்," என்று ஆங்கிலத்தில் ஒரே மூச்சில் சொல்லி முடித்தார். ஞாயிறு பள்ளியில் குழந்தைகள் பத்துக் கட்டளைகளை ஒப்பிப்பதுபோல. முடித்ததும் புமேசாவின் முகத்தைத் திரும்பிப் பார்த்தார், தவறு இல்லையே என்று.

தவறு இல்லை. ஒன்றுமே தவறில்லை. அதுதான் சங்கடம். ஒப்பித்துச் சொல்கிறார் என்று எழுதினால், பதற்றத்தில் ஒப்பித்தார் என்று லென்ட்ஸின் வக்கீல் இரண்டே வரியில் தூக்கிப் போட்டுவிடுவார். புமேசாவுக்கு உள்ளூரக் கொஞ்சம் நிம்மதியாகக்கூட இருந்தது, அதை மறைப்பானேன். தாள்கள் சரியாக இருந்தால் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போய்விடலாம். பினாமி என்று எழுதினால் கம்பெனிக்கு வருகிற கேடு ஒரு பக்கம். தெரிந்தே பெயரைக் கொடுத்தவருக்கும் அந்தச் சட்டத்தில் ஜெயில் உண்டு. ஏழு வருடத்தில் இரண்டு முறை அப்படி எழுதியிருக்கிறாள். இரண்டு முறையும் வேலை போனது தோட்டக்காரருக்கும் ஓட்டுநருக்கும். முதலாளிகள் புதுப் பெயரில் புதுக் கம்பெனி தொடங்கி இன்றும் அதே வண்டியில்தான் போகிறார்கள்.

"உங்க மக படிப்புக்குக் கம்பெனி பணம் கட்டுதுன்னு கோப்புல இருக்கு."

"நர்ஸ் படிப்பு. ம்தாத்தாவுல. இன்னும் ஒரே வருஷம்." மட்லோமோவின் முகம் அப்போதுதான் மலர்ந்தது. மனப்பாடம் இல்லாமல் வந்த முதல் பதில் அது.

மதியம் புமேசா கூட்டக் குறிப்புகளை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். கரினின் வேலை சுத்தம் என்பதை ஒப்புக்கொள்ளவேண்டும். மூன்று வருடத்தில் பதினோரு டைரக்டர் கூட்டங்கள். ஒவ்வொன்றுக்கும் தேதி, நேரம், வந்தவர் பெயர், தீர்மானம், கடைசியில் மட்லோமோவின் கையெழுத்து. 'திருமதி த்யாலி வடிகால் வசதி குறித்துக் கேள்வி எழுப்பினார்' என்று ஓரிடத்தில். 'திருமதி த்யாலி மாற்றுக்கருத்துத் தெரிவித்தார். விவாதத்துக்குப் பின் ஏற்றுக்கொண்டார்' என்று இன்னோரிடத்தில். மாற்றுக்கருத்து வரைக்கும் யோசித்து எழுதியிருக்கிறாளே என்று புமேசாவுக்கு ஒரு மதிப்பே வந்துவிட்டது.

தேதிகளைக் கணக்காய்வாளரின் பட்டியலோடு ஒப்பிட நாட்காட்டியில் குறிக்கத் தொடங்கினாள். மூன்றாவது தேதியைக் குறிக்கும்போது கை மெதுவானது. ஐந்தாவதில் நின்றது. மீதி ஆறையும் குறிக்காமலே கண்ணால் பார்த்தாள்.

பதினொன்றும் வியாழக்கிழமை. பதினொன்றும் பிற்பகல் இரண்டு மணி.

வியாழன் பிற்பகல் எங்கள் பெண்கள் எங்கே இருப்பார்கள் என்று இந்த நாட்டில் எந்தக் கறுப்பரையும் எழுப்பிக் கேளுங்கள். சர்ச்சில் மன்யானோ. சிவப்புச் சட்டை, கறுப்புப் பாவாடை, வெள்ளைத் தொப்பி; மாதர் ஜெபக் கூட்டம். வெள்ளைக்கார வீடுகளில் வேலைக்காரிகளுக்கு வாரத்தில் அரைநாள் விடுப்பு என்று வியாழனைக் கொடுத்த காலத்திலிருந்து வருகிற வழக்கம். கொடுத்தவர்கள் அதை மறந்துவிட்டார்கள். வாங்கிக்கொண்டவர்கள் விடவில்லை. புமேசாவின் வீட்டில் வியாழக்கிழமை அடுப்பு எரிந்ததில்லை. அம்மாவுக்கு அறுவை சிகிச்சைக்கு மருத்துவமனை வியாழக்கிழமையைக் குறித்தபோது, "வேற கிழமை இல்லையா உங்ககிட்ட?" என்று டாக்டரையே கேட்டவள் அவள் அம்மா.

கரின் ஏன் வியாழனைத் தேர்ந்தெடுத்தாள் என்பதும் புரிந்துபோயிற்று. புதன் லென்ட்ஸுக்குக் கோல்ஃப். வெள்ளி மதியமே அவர் கடற்கரை வீட்டுக்குக் கிளம்பிவிடுவார். திங்களும் செவ்வாயும் ஒப்பந்தக்காரர்கள். ஆக, அவருக்கு வேறு வேலை இல்லாத பிற்பகல் வியாழன்தான். அந்த நாளில் நொமலிசோ பன்னிரண்டு மணிக்கே கிளம்பிவிடுவாள் என்பது கரினுக்குத் தெரியாதா? பத்தொன்பது வருடமாக அந்த அரைநாள் விடுப்புச் சீட்டில் கையெழுத்துப் போடுகிறவளே அவள்தான். ஆனால் டீ போடுகிற நொமலிசோ வேறு, தாளில் இருக்கிற திருமதி த்யாலி வேறு. இரண்டு பேருக்கும் ஒரே வியாழக்கிழமைதான் என்று கரினுக்கு ஒரு நாளும் தோன்றவில்லை.

புமேசா எழுந்து சமையலறைக்குப் போனாள். டைரக்டர் கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, கரின் கழுவிய கோப்பைகளை மறுபடி கழுவிக்கொண்டிருந்தார்.

"மட்லோமோ, நீங்க மன்யானோவா?"

"பின்ன? இருபத்தாறு வருஷம்." அவர் நிமிர்ந்தார். "பதினோரு வருஷமா நான்தான் செயலாளர். கூட்டத்துல நடந்ததை எழுதுற மினிட் நோட்டு என் கையில. போன செயலாளர் எழுதினதைப் பாத்தா கோழி கிளறின மாதிரி இருக்கும். என்னோடதை பிஷப்பே வாங்கிப் பாத்துட்டு, 'யார் இது எழுதினது'ன்னு கேட்டார்."

"வியாழக்கிழமை எப்பவாவது தவறினதுண்டா?"

"நானா? த்யாலி செத்து ஐஸ் பெட்டியில கெடந்த வாரம், சனிக்கிழமை அடக்கம். அந்த வியாழக்கிழமை பொம்பளைங்கல்லாம் என் வீட்டுக்கே வந்துட்டாங்க. கறுப்புப் போர்வையப் போத்திக்கிட்டு பாயில உக்காந்தபடியே நான்தான் மினிட் எழுதினேன். 'செயலாளரின் கணவருக்காக ஜெபம்' அப்படின்னு என் கையாலயே..."

அவர் நிறுத்தினார். குழாய் ஓடிக்கொண்டே இருந்தது. புமேசாவின் கையிலிருந்த தாள்களை அவர் அப்போதுதான் பார்த்தார்.

"அதுல என்ன போட்டிருக்கு?"

புமேசா சொன்னாள். பதினோரு தேதிகளையும் சொன்னாள். அவற்றில் ஒன்று த்யாலி ஐஸ் பெட்டியில் கிடந்த அதே வியாழன். அன்று பிற்பகல் இரண்டு மணிக்குத் திருமதி த்யாலி இந்த அலுவலகத்தில் அமர்ந்து, கோனூபி வடிகாலைப் பற்றிக் கேள்வி எழுப்பியிருந்தார்.

மட்லோமோ குழாயை மூடினார்.

"கையெழுத்து என்னோடதுதான்," என்றார். "மொத்தமா ஒரே நாள்ல போட்டேன். கூரியர் பொட்டலத்துக்குப் போடுற மாதிரி. 'இங்க, இங்க, இங்க'ன்னு கரின் விரலை வெச்சா, நான் போட்டேன். என்ன ஏதுன்னு படிக்கல. நான் படிக்கத் தெரியாதவளும் இல்ல." அதைச் சொல்லும்போதுதான் குரல் உடைந்தது. "என்னை ஜெயில்ல போடுவாங்களா, மரடேபே?"

"தெரிஞ்சு செஞ்சிருந்தா போடலாம். தெரியாம ஏமாத்தப்பட்டிருந்தா போடமாட்டாங்க."

"தெரியும்னு சொல்றதா, தெரியாதுன்னு சொல்றதா? பாதி தெரியும். மாசா மாசம் டைரக்டர் படின்னு ஆயிரத்து ஐநூறு ரேண்ட் வரும்போது, நான் என்ன பண்ணிக் கிழிச்சேன்னு இது வருதுன்னு ஒருதரம்கூடத் தோணாமலா இருக்கும்? மக படிப்பு நடக்குதேன்னு வாயை மூடிக்கிட்டேன்." முந்தானைபோல் கட்டியிருந்த ஏப்ரனில் கையைத் துடைத்தார். "நீ இப்ப என்ன எழுதப் போற?"

"உங்ககிட்ட அத்தாட்சி இருந்தாத்தான் எழுத முடியும். வியாழக்கிழமை எங்கம்மா சர்ச்சுக்குப் போவாங்கன்னு நான் அறிக்கையில எழுத முடியாது. அந்த மினிட் நோட்டு வேணும்."

"நான் தரலேன்னா?"

புமேசா உண்மையைச் சொன்னாள். "தரலேன்னா கம்பெனித் தாள்தான் அத்தாட்சி. நான்காம் நிலை வந்துரும். உங்க மக படிப்பும் முடிஞ்சிரும்."

"நீயே சொல்லு, நான் என்ன பண்ண?"

"அதை நான் சொல்லக்கூடாது. அளக்குறவ ஆலோசனை சொல்லக்கூடாதுன்னு விதி."

"நல்ல விதிதான் போ," என்றார் மட்லோமோ. "கஷ்டம் வந்தா மட்டும் எல்லாருக்கும் வாய்ல ஒரு விதி வந்து உக்காந்துக்கும்."

வியாழக்கிழமை பிற்பகல் புமேசா மூன்றாம் வட்டாரச் சர்ச்சுக்கு வெளியே வேலியோரம் நின்றாள். நிற்கிறாள் என்பதை ஐந்தே நிமிடத்தில் தெருவே தெரிந்துகொண்டது. எதிர்வீட்டில் அமக்வின்யா மாவுருண்டை பொரித்து விற்கிறவள் சட்டியை அப்படியே விட்டுவிட்டு வந்து, "யாரைத் தேடுற, கண்ணு? கடனா, கல்யாணமா?" என்று கேட்டாள். இரண்டும் இல்லை என்றதும் நம்பாமல் திரும்பிப் போனாள். உள்ளே பாட்டு. பாட்டுக்கு நடுவே ஒருத்தி அழுது ஜெபிக்கும் குரல். தரையை மிதிக்கும் காலடிச் சத்தம். புமேசாவுக்கு அம்மாவின் ஞாபகம் வந்தது. ஆனால் அன்று அவள் அழ வரவில்லை, அத்தாட்சி வாங்க வந்திருந்தாள்.

கூட்டம் முடிந்து பெண்கள் சிவப்புச் சட்டைகளில் வெளியே வந்தார்கள். மட்லோமோ கடைசியில் வந்தார். சீருடையில் அவர் அலுவலகத்தில் பார்த்ததைவிட உயரமாகத் தெரிந்தார். அவர் கடக்கும்போது இளம் பெண்கள் ஒதுங்கி வழிவிட்டார்கள். கையில் கெட்டி அட்டை போட்ட நீள நோட்டு.

"ராத்திரி பூரா யோசிச்சேன்," என்றார். "முதல்ல எரிச்சிரலாம்னு நெனச்சேன். நோட்டு தொலஞ்சு போச்சுன்னு சொன்னா என்னை யாரு கேக்கப் போறா? அப்புறம் தோணுச்சு. அந்தத் தாள் நிஜம்னா, இந்த நோட்டு பொய். த்யாலிக்காக ஜெபம் பண்ணது பொய். பாயில உக்காந்து நான் எழுதினது பொய். அந்த நேரத்துல நான் ஆபீஸ்ல வடிகால் பேசிக்கிட்டிருந்தேன்னு ஆயிரும்." நோட்டை மார்போடு அணைத்துப் பிடித்திருந்தார். "டீ போடுறவளை டைரக்டர்னு எழுதினாங்க, சரி, எழுதிக்கட்டும்னு இருந்தேன். நான் நிஜமா இருந்த இடத்துல இல்லவே இல்லைன்னு எழுத அவங்க யாரு?"

"கொடுத்தா வேலை போகலாம், மட்லோமோ."

"போகும். தெரியும்." நோட்டை நீட்டினார். "நாளைக்கே திருப்பிக் குடுத்துரணும். அடுத்த வியாழன் எழுதணும்."

வெள்ளிக்கிழமை காலை, அலுவலகத்துக்குள் நுழையுமுன் புமேசாவுக்குத் தன் மேலதிகாரி லுங்கிசாவிடமிருந்து தொலைபேசி. தேதிகளைப் பற்றி விளக்கம் கேட்டு அவள் முந்தின இரவே கம்பெனிக்கு எழுதியிருந்தாள்; லென்ட்ஸ் முந்திக்கொண்டு பேசிவிட்டிருந்தார் என்பது முதல் வார்த்தையிலேயே தெரிந்தது.

"தேதியெல்லாம் தட்டச்சுப் பிழையா இருக்குமோ? ஆறு வருஷமா நம்ம வாடிக்கையாளர், பாத்துக்க."

"பதினோரு தடவையுமா, சார்?"

மறுமுனையில் பெருமூச்சு. "உன் பேர்லதான் அறிக்கை போகுது. யோசிச்சுக்க." வைத்துவிட்டார். நல்ல மனிதர்தான்; நல்லதைத் தன் பெயரில் செய்யமாட்டார், அவ்வளவுதான்.

கூட்ட அறையில் லென்ட்ஸ், கரின், மட்லோமோ. கோட்டு இல்லை; மட்லோமோ வழக்கமாக வேலைக்கு வருகிற பருத்தி உடையில்தான் இருந்தார். புமேசா இரண்டு குறிப்புகளையும் அருகருகே வைத்து, தேதிகளைப் படித்தாள். பங்குரிமைக்கு மதிப்பெண் பூஜ்யம் என்றாள். பினாமி என்ற சந்தேகத்தோடு இந்தச் சட்டத்தைக் கவனிக்கிற ஆணையத்துக்கு அனுப்பவேண்டியிருக்கிறது என்றாள்.

லென்ட்ஸ் உண்மையிலேயே புண்பட்டுப்போனார். அதில் நடிப்பு இல்லை. அதுதான் பார்க்கக் கஷ்டமாக இருந்தது. "என் பசங்களைத் தூக்கி வளத்தவங்க இவங்க. எங்க வீட்டுல ஒருத்தர் மாதிரி. இவங்க பொண்ணு படிப்புக்கு யாரு பணம் கட்டுறா?"

"அதையும் மதிப்பெண்ணுக்குக் கணக்குக் காட்டியிருக்கீங்க, சார்," என்றாள் புமேசா. "பயிற்சிச் செலவுங்கிற தலைப்புல."

கரின் தலையைக் குனிந்துகொண்டாள். லென்ட்ஸ் உறையிலிருந்து இரண்டு தாள்களை எடுத்து மேசைமேல் வைத்து மட்லோமோ பக்கம் தள்ளினார். முப்பது சதவீதத்தையும் லென்ட்ஸுக்கே திருப்பி எழுதிக் கொடுக்கும் பத்திரம். விலை இருபத்தையாயிரம் ரேண்ட். தேதி போன வருடத்து ஜனவரி.

"இதுல போட்டுருங்க, நொமலிசோ. அப்புறம் பிரச்சினையே இல்ல. நீங்க பங்குதாரரே இல்ல, நாங்க சான்றிதழும் கேக்கல. உங்க வேலை அப்படியே இருக்கும். படிப்பும் அப்படியே. யாரையும் யாரும் ஜெயில்ல போடவேண்டாம். சுத்தமா முடிஞ்சிரும்."

கரின் பேனாவின் மூடியைக் கழற்றிக் கொடுத்தாள். பழக்க தோஷத்தில் கையெழுத்துப் போடவேண்டிய இடத்தில் விரலையும் வைத்துவிட்டாள். பிறகு சுட்டுக்கொண்டதுபோல இழுத்துக்கொண்டாள்.

மட்லோமோ புமேசாவைப் பார்த்தார். தங்கள் மொழியில் கேட்டார்: "போடட்டுமா, மரடேபே?"

புமேசாவுக்கு வாய் வரைக்கும் வந்தது. வேண்டாம் என்று ஒரு சொல். சொன்னால் அளந்தவளே ஒரு பக்கம் சாய்ந்துவிட்டாள் என்று ஆகும், அறிக்கை செல்லாது, செல்லாத அறிக்கையோடு மினிட் நோட்டும் போகும். சொல்லாவிட்டால், தன் அம்மா வயதுக்காரி ஒருத்தியை வேடிக்கை பார்த்த பாவம். அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு தலையைக் குனிந்தாள். அந்த அறையில் அவளால் செய்ய முடிந்த ஒரே நேர்மையான காரியம் அதுதான். அது அவளுக்குப் பிடிக்கவில்லை.

மட்லோமோ படிக்கத் தொடங்கினார். முதல் தாளை முழுக்கப் படித்தார். லென்ட்ஸ் கடிகாரத்தைப் பார்த்தார். இரண்டாம் தாளையும் முழுக்கப் படித்தார். ஒரு வரிக்கு மட்டும் திரும்பிப் போனார். வெளியே ஏதோ லாரி பின்னால் நகரும் சத்தம் கேட்டு ஓய்ந்தது. கால்மணி நேரம் இருக்கும். பத்தொன்பது வருடத்தில் அந்த அலுவலகம் அவருக்காகக் காத்திருந்தது அதுதான் முதல் தடவை.

"ஒரு சந்தேகம், மிஸ்டர் லென்ட்ஸ்."

"கேளுங்க."

"இந்த முப்பது சும்மா பேருக்குத்தான், இல்லையா? நிஜமா என்னோடது கிடையாது?"

"அப்படித்தானே நாம பேசிக்கிட்டது," என்றார் லென்ட்ஸ் கனிவாக.

"என்னோடது இல்லாததை உங்களுக்குத் திருப்பித் தர, நான் எதுக்குக் கையெழுத்து போடணும்?"

லென்ட்ஸ் புமேசாவைப் பார்த்தார், புமேசா மேசையைப் பார்த்தாள். கரினைப் பார்த்தார்.

கரின்தான் சொன்னாள். மிக மெல்லிய குரலில், முதலாளியின் முகத்தைப் பார்க்காமல். "ஏன்னா அது உங்களோடதுதான், நொமலிசோ. பதிவேட்டுல உங்க பேர்தான் இருக்கு. ஒம்பது வருஷமா."

"கரின்!"

"இருக்கு, டெரிக். நான்தானே பதிஞ்சேன்."

மட்லோமோ பேனாவின் மூடியைத் தேடி எடுத்து மாட்டினார். தாள்களை ஓரம் ஒட்ட அடுக்கி, லென்ட்ஸ் பக்கமே தள்ளிவைத்தார்.

"எனக்கு வேலை இல்லேன்னு நீங்க சொல்லுவீங்க. சொல்லுங்க, திங்கக்கிழமை வரமாட்டேன். மக படிப்பை என்ன செய்யறதுன்னு எனக்கு இப்ப தெரியாது." குரல் தாழ்ந்தது. "ஆனா ஒம்பது வருஷமா எது என்னோடதுன்னு எனக்குத் தெரியணும். கரின், பதிவேட்டை எடு. எந்த நெலம், யாருகிட்ட வாங்கினது, யாருக்கு வித்தது, முதல்லேருந்து படி. நடந்ததை மட்டும் படி."

"அது ரெண்டு நாள் ஆகும்," என்றார் லென்ட்ஸ்.

"ஆகட்டும்."

லென்ட்ஸ் எழுந்து கதவு வரைக்கும் போனார். வக்கீலைக் கூப்பிடப் போகிறார் என்று எல்லோருக்கும் புரிந்தது. போகட்டும், கூப்பிடட்டும். கதவருகே ஒரு கணம் நின்றவர், திரும்பிப் பார்க்காமலே போனார்.

புமேசாவின் வேலை முடிந்துவிட்டது. அவள் தன் தாள்களைப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தாள். அளந்தாயிற்று, பூஜ்யம். அறிக்கையில் அப்படித்தான் இருக்கும், அதை மாற்ற முடியாது. பங்குதாரர் முதன்முதலாகத் தன் உரிமையைப் பயன்படுத்திய நாள் இன்று என்று எழுத அந்தப் படிவத்தில் இடம் இல்லை.

மட்லோமோ அவளைக் கூப்பிடவில்லை, நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கரின் அலமாரியிலிருந்து கனமான முதல் கோப்பை இறக்கி, தூசியை ஊதிவிட்டு, எதிர் நாற்காலியில் உட்கார்ந்து பிரித்தாள்.

"கோனூபி. மனை எண் நாற்பத்தி ஒன்று," என்று படிக்கத் தொடங்கினாள்.

"மெதுவா," என்றார் மட்லோமோ. "அது எந்தப் பக்கம்? ஆத்துக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா?"